கடல் திரும்பி வந்த ஓடை

வேலையில் சேர்ந்த முதல் வாரத்திலேயே அந்த ஓடையை மேலிருந்து கீழ்வரை நடந்து பார்த்துவிட்டேன். தீவின் துறைமுக ஊரில் சின்னதொரு அரசு மருந்தகத்தில் என்னை நர்ஸாகப் போட்டிருந்தார்கள். என் பொறுப்பில் இருந்த வீடுகள் எல்லாம் அந்த ஓடையின் இரண்டு கரைகளிலும்தான் இருந்தன. ஃபீனிக்ஸ் பே படகுத்துறையிலிருந்து மேடேறி மறுபக்கம் இறங்கினால் வருகிற பள்ளம் அது. மரைன் ஹில் பக்கத்து வீடுகளிலிருந்து பார்த்தால் பாக்கு மர உச்சிகளும் தகரக் கூரைகளும் தெரியும், ஓடை தெரியாது.

அறுபதுகளின் தொடக்கம் அது. என் கணவருக்குத் தீவுகளுக்கிடையே ஓடும் கப்பலில் எஞ்சின் வேலை. நிக்கோபார் பக்கம் போனால் திரும்பி வர வாரக்கணக்காகும். நாங்கள் இருவருமே தூத்துக்குடிக்குத் தெற்கே ஒரு கடற்கரை ஊரில் பிறந்தவர்கள். உப்புத் தண்ணீர் எங்களுக்குப் புதிதல்ல. ஆனால் கடல் மலைச் சரிவுக்குள் நுழைந்து, வீட்டுக் கொல்லைவரை வந்துவிட்டுத் திரும்பிப் போவதை அங்கேதான் முதல்முதலாகப் பார்த்தேன்.

ஓடை பிறக்கும் இடம் குன்றின் பின்சரிவில் ஒரு பாறை இடுக்கு. மேலே பெரிய படாக் மரங்கள் நின்றதால் கோடையிலும் அங்கே கசிவு நிற்காது. அதற்குக் கீழே ராஞ்சிப் பக்கத்திலிருந்து காட்டு வேலைக்கு வந்தவர்களின் வரிசை வீடுகள். மூங்கிலைப் பிளந்து பாறையில் செருகி அந்தத் தண்ணீரைக் குடங்களுக்கு இறக்குவார்கள். பிறகு பாக்குத் தோப்பு, வாழை, துணி துவைக்கிற கற்கள். அதுவரைக்கும் நல்ல தண்ணீர். கற்களைத் தாண்டியதும் நிலம் தட்டையாகிவிடும். ஓடையும் அவசரத்தை விட்டுவிட்டு வளைந்து வளைந்து போகும். அங்கிருந்து கடல்வரை உப்புச் சேற்றில் வளரும் கண்டல் காடு. கடல் ஏறும்போது உப்புத் தண்ணீர் எல்லா வளைவுகளிலும் புகுந்து துவைக்கிற கற்களின் அடிவரை வந்து நிற்கும். இறங்கும்போது சேற்றையும் உதிர்ந்த இலையையும் இழுத்துக்கொண்டு போகும். உலை வைத்துவிட்டு ஊற்றிலிருந்து புறப்பட்டால் சோறு வேகுமுன் கடலைப் பார்த்துவிடலாம். அவ்வளவுதான் அதன் நீளம். ராஞ்சிக்காரர்கள் அதை நாலா என்றார்கள். வங்காளிகள் கால் என்றார்கள். நம் வாய்க்காலில் இருக்கிற கால்தான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். நாங்கள் ஓடை என்றோம்.

கற்களுக்கு அடுத்த வீட்டில் ஒரு வங்காளப் பெண் இருந்தாள். கிழக்கு வங்காளத்திலிருந்து ஓடிவந்த குடும்பம். கணவனுக்குத் தச்சு வேலை. தண்ணீர் இறங்குகிற நேரம் பார்த்து அவள் புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு சேற்றில் இறங்குவாள். நண்டும் சின்ன மீனும் ஒரு கூடை தேறும். எனக்கும் கொடுப்பாள். எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது உடைந்த இந்தி மட்டும்தான். மீனைப் பற்றிப் பேச அது போதும்.

ஓடையின் வாய்ப்பகுதியில் இரு கரைகளுக்கும் தொடர்பு கிடையாது. எதிர்க்கரைப் பிள்ளைகள் பள்ளிக்கு வரவேண்டுமென்றால் தண்ணீர் இறங்கக் காத்திருந்து சேற்றில் நடக்கவேண்டும், இல்லையென்றால் ஊற்றுவரை ஏறி மலையைச் சுற்றி வரவேண்டும். மழைக்காலத்தில் இரண்டும் நடக்காது. ஆகவே இரு கரைக்காரர்களும் சேர்ந்து போய் ரோடு கேட்டோம். நானும் போனேன். ஒரு பிரசவத்துக்கு நேரத்தில் போய்ச் சேர முடியாமல் தாயும் பிள்ளையும் இறந்திருந்தார்கள்; அதை நான்தான் அதிகாரியிடம் எடுத்துச் சொன்னேன். மறுவருடமே ஓடையின் வாயைக் குறுக்கே மறித்து மண்ணும் கல்லும் கொட்டி ஒரு கரை எழுப்பினார்கள். மேலே ஜீப் போகிற அளவு அகலம். இந்திக்காரர்கள் அணைக்கரையைச் சொல்வதுபோல எல்லோரும் அதைப் பந்து என்றே சொன்னோம். அடியில் தண்ணீர் போக ஒரு சிமென்ட் குழாய் வைத்தார்கள்.

ரோடு வந்ததில் எனக்கு இன்றைக்கும் வருத்தம் கிடையாது. அது வந்த அந்த மழைக்காலத்திலேயே கால் முன்னால் வந்த ஒரு குழந்தையை எதிர்க்கரையில் உயிரோடு எடுத்தேன். ரோடு இல்லாவிட்டால் அந்த வீட்டுக்கு நான் போயிருக்க முடியாது.

குழாய்தான் சின்னது. உயரத்தில் வேறு வைத்துவிட்டார்கள். முதல் பெருமழையில் மேலிருந்து வந்த கட்டையும் மட்டையும் அதன் வாயை அடைத்தன. ஒருமுறை எடுத்துவிட்டார்கள், அடுத்த மழையில் மறுபடி அடைத்துக்கொண்டது. பிறகு வண்டல் ஏறிக் குழாய் இருந்த இடமே தெரியவில்லை. கடல் பந்துவரை வந்து முட்டிவிட்டுத் திரும்பிப் போனது. உள்ளே இருந்த கண்டல் மரங்கள் நின்ற நிலையிலேயே இலை உதிர்த்துச் செத்தன. மரம் சாகிறபோது சத்தம் வராது. ஒருநாள் காலை ஊசி போட அந்தப் பக்கம் நடந்தவள், காடு முழுக்க வெள்ளை வெள்ளையாகக் கிளைகள் நிற்பதைப் பார்த்துத்தான் நின்றேன். வங்காளப் பெண் கூடையை எடுப்பதை விட்டுவிட்டாள்.

அதற்கப்புறம் செத்த மரங்களை விறகுக்கு வெட்டினார்கள். மழை சேற்றிலிருந்த உப்பைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கழுவியது. சில வருடத்தில் துவைக்கிற கற்களுக்குக் கீழே ஓடைப் படுகை காய்ந்து, நடக்கிற மாதிரி தரையாகிவிட்டது. பந்தின் அடியில் மட்டும் ஒரு குட்டை. பந்தின் வழியே கசிந்து வரும் கடல் தண்ணீரும் மேலேயிருந்து வரும் நல்ல தண்ணீரும் கலந்து, பச்சைப் பாசி மூடி, அசையாமல் கிடந்தது.

அந்தத் தரையில்தான் அவர்கள் வந்து குடிசை போட்டார்கள். இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து அனுப்பப்பட்டவர்கள். புருஷன், பெண்சாதி, ஒரு பெண் குழந்தை. மண்டபம் முகாமில் கொஞ்ச காலம் இருந்துவிட்டு, துறைமுகக் கட்டட வேலைக்கு ஆள் எடுத்த ஒரு கான்ட்ராக்டரோடு கப்பலேறியிருந்தார்கள். அவன் அதிகம் பேசாதவன். பகல் முழுக்கத் துறைமுகத்தில் கல் தூக்கிவிட்டு வந்து, இருட்டும்வரை படுகை மண்ணைக் கொத்துவான். தோப்பிலிருந்து உதிர்ந்த சருகைக் கூடை கூடையாகக் கொண்டுவந்து போட்டான். எங்களுக்கெல்லாம் சிரிப்பு, உப்புச் சேற்றில் என்ன முளைக்கும் என்று. முளைத்தது. முதலில் கீரை, பிறகு மிளகாய், பிறகு கத்தரி. காய்கறி என்றால் கப்பலில் வந்து வாடிப்போனதைத் தின்று பழகியிருந்த எங்களுக்கு, காம்பில் முள்ளோடு பறித்த கத்தரிக்காய் ஒரு விசேஷம்.

அவளோடு எனக்குச் சீக்கிரமே பழக்கமாகிவிட்டது. மெலிந்த உடம்பு. பேச்சில் எல்லாவற்றுக்கும் ஒரு 'ங்க' சேரும். பெண்ணுக்கு ஆறு வயது. ஓடையை ஓடையாகப் பார்த்தவள் இல்லை அந்தக் குழந்தை. காய்ந்த படுகைதான் அவளுக்கு முற்றம். கத்தரிப் பாத்திகளுக்கு நடுவே ஓடி, ஏறி வந்து என் மருந்தக ஜன்னலில் தொங்கிக்கொண்டு நிற்பாள். காலி மருந்துப் புட்டிகளைக் கழுவி வைத்திருப்பேன். அவளுக்கு அதில்தான் ஆசை. ராஞ்சிப் பிள்ளைகளோடு சேர்ந்து நல்ல இந்தி பேசக் கற்றிருந்தாள். அப்பனுக்கும் ராஞ்சிக்காரர்களின் மேஸ்திரிக்கும் நடுவில் அவள்தான் மொழிபெயர்ப்பு.

காய்ச்சல் முன்பும் உண்டு. ஆனால் பந்து வந்தபிறகு அது ஓடையைப் பிடித்துக்கொண்டு மேலே ஏறியது. முதலில் பந்தை ஒட்டிய வீடுகள், பிறகு கற்கள்வரை, பிறகு தோப்பு. விரல் நுனியில் ரத்தம் எடுத்துக் கண்ணாடிச் சில்லில் தடவிப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்புவேன். பாதிக்கு மேல் மலேரியா என்று திரும்பி வரும். மருந்தடிக்கிற ஆட்கள் வந்து சுவரெல்லாம் வெள்ளையாகப் பூசிவிட்டுப் போனார்கள். குட்டையில் எண்ணெய் ஊற்றினார்கள். மழை வந்து எண்ணெயை அடித்துக்கொண்டு போனது.

ஒரு மழைக்காலத்தின் கடைசியில் அந்தக் குழந்தைக்குக் காய்ச்சல் கண்டது. முதல் நாளே மாத்திரை கொடுத்தேன். கசப்பு தாங்காமல் வாந்தியெடுத்தாள், மறுபடி கொடுத்தேன். மறுநாள் விளையாடக்கூடப் போனாள். அதற்கு மறுநாள் விடியற்காலையில் அவள் அப்பன் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து என் கதவைத் தட்டினான். கண் மேலே செருகியிருந்தது. கையும் காலும் வெட்டி வெட்டி இழுத்தது. மருந்தடிக்கிறவர்களின் ஜீப் ஒன்று பந்தின்மேல் நின்றிருந்தது. அதைப் பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போனோம். குழந்தையின் தலை என் மடியில் இருந்தது. டாக்டர் செய்யக்கூடியதையெல்லாம் செய்தார். காய்ச்சல் மூளைக்கு ஏறிவிட்டது என்றார். அன்று மாலைக்குள் போய்விட்டாள்.

அடக்கத்துக்கு எல்லா வீட்டாரும் வந்தார்கள். ராஞ்சி மேஸ்திரிதான் குழி வெட்டினார். சின்னக் குழிதானே, அவர் மற்றவர்களை விடவில்லை. தாய் அழவில்லை. அழாதவளைப் பார்த்து மற்றப் பெண்கள் பயந்தார்கள். நான் எத்தனையோ சாவைப் பார்த்தவள். அன்றிரவு ஜெபமாலை சொல்ல உட்கார்ந்து பாதியில் எழுந்துவிட்டேன்.

சில வாரம் கழித்து அந்தத் தாய் மருந்தகத்துக்கு வந்தாள். நோயாளிகள் எல்லோரும் போகும்வரை வெளிப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். பிறகு உள்ளே வந்து நின்றாள்.

"நர்சம்மா, ஒண்ணு கேக்கணுங்க. மறைக்காம சொல்லணும்."

"கேளு தங்கச்சி."

"கொசு கடிச்சுத்தான் இந்தப் புகார் வருதுன்னு சொன்னீங்க. அந்தக் கொசு எங்கேயிருந்துங்க வருது?"

காய்ச்சலை அவளும் எங்களைப் போலவே இந்தியில் புகார் என்றே சொல்லப் பழகியிருந்தாள். பதில் எனக்குத் தெரியும். மருந்தடிக்கிறவர்களின் மேலதிகாரி குட்டையிலிருந்து ஒரு கிண்ணம் தண்ணீரை மொண்டு எனக்கே காட்டியிருக்கிறார். நூல் துணுக்குகள் போலப் புழுக்கள் துள்ளிக்கொண்டிருந்தன. மறைக்காதே என்று கேட்டிருக்கிறாள்.

"பந்துக்கு அடியில நிக்குதே, அந்தத் தண்ணியில இருந்துதான். பாதி உப்பும் பாதி நல்ல தண்ணியுமா ஓடாம கெடக்குல்லா, அதுலதான் முட்டை வைக்கும்."

"எங்க வீட்டுக்குப் பின்னால."

"ஆமா."

"முந்தி கடல் தண்ணி வந்து போகுமாமே. வங்காளியம்மா சொல்லுவாங்க. அது மாதிரி வந்து போனா?"

"முட்டை தங்காது. மீனும் உள்ள வந்து தின்னுரும்." பிறகு மிச்சத்தையும் சொல்லவேண்டியிருந்தது. "ஆனா ஒங்க தோட்டத்துக்குள்ள தண்ணி வந்துரும், தங்கச்சி. வீடும் நிக்காது."

அவள் குடிக்கத் தண்ணீர் கேட்டாள். கொடுத்தேன். முழுவதையும் குடித்துவிட்டு டம்ளரைக் கழுவி வைத்துவிட்டுப் போனாள்.

அதற்கு மறுவாரம் அவள், நான், வங்காளப் பெண் மூவரும் பொதுப்பணித் துறை அலுவலகத்துக்குப் போனோம். இந்தியில் நான்தான் பேசினேன். அங்கிருந்த என்ஜினியர் மரியாதையான மனிதர். மறுநாளே நேரில் வந்து பந்தின்மேல் நடந்து பார்த்தார். குழாய் சின்னது, உயரமும் தப்பு என்று ஒப்புக்கொண்டார். பாலமாகக் கட்டவேண்டும், அதற்கு மெயின்லேண்டிலிருந்து அனுமதி வர எத்தனை காலமாகுமென்று தனக்கே தெரியாது என்றார். நாங்களே வெட்டித் திறந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். சற்று யோசித்துவிட்டு, ரோடு ஒருநாள்கூட அறுபடக்கூடாது, முதலில் மரப்பாலம் போட்டுவிட்டு அதன் அடியில் வெட்டுவதானால் தான் தடுக்கமாட்டேன் என்றார். மர டிப்போவில் கழித்துப் போட்ட கட்டைகள் கிடைக்கத் தானே சொல்லிவிடுவதாகவும் சொன்னார். சொன்னபடியே செய்தார்.

ஆண்கள் எல்லோரும் ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் பிறகு பந்தின்மேல் கூடினார்கள். பெரும்பாலும் சம்மதம்தான். காய்ச்சல் வராத வீடே கிடையாது. ஆனால் குழந்தையின் அப்பன் மட்டும் ஒதுங்கி நின்றான். என்ன சொல்கிறாய் என்று மேஸ்திரி கேட்டதும் தமிழில்தான் பதில் சொன்னான். இந்திக்கு உதவ இப்போது பிள்ளை இல்லை. நான் எடுத்துச் சொன்னேன்.

"நான் தோட்டத்துக் கூலி லயத்துல பொறந்தவன். லயம் தொரையோடது, மலை தொரையோடது. இந்தியாவுக்குப் போ, அதுதான் ஒன் நாடுன்னாங்க. வந்தேன். எங்கயும் ஒரு அடி மண்ணு எனக்குன்னு இருந்ததில்ல. இந்தச் சேத்தைக் கெளறி நான்தான் மண்ணாக்கினேன். எம்புள்ள ஓடின எடமும் இதுதான். இதுல தண்ணிய விடணுங்கிறீங்க."

நான் இந்தியில் சொல்லி முடித்தேன். பெண்கள் கூட்டத்திலிருந்து அவன் மனைவிதான் முன்னால் வந்தாள். புருஷனைப் பார்த்துச் சொன்னாள், சத்தம் போடவில்லை.

"நம்ம புள்ள ஓடின எடந்தாங்க. இன்னும் எத்தனை புள்ளைங்க ஓடுது பாருங்க."

அவன் அவளையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு இறங்கிப் போய்விட்டான். அதற்கப்புறம் அவளோடு பேசுவதை நிறுத்திவிட்டான். சோற்றை வைப்பாள், தின்பான், எழுந்து போவான். அவள் அதை என்னிடம் குறையாகச் சொல்லவில்லை. நான் கேட்டதால் சொன்னாள்.

தை பிறந்து மழை முழுக்க விட்டபிறகு வேலை தொடங்கியது. வங்காளத் தச்சர்தான் பாலத்தைப் பொறுப்பேற்றார். மேஸ்திரி தன் ஆட்களோடு வேலை முடிந்து வந்து கட்டைகளை இழுத்துப் போடுவார். யானை இல்லாமல் நாங்களே யானையாகவேண்டியிருக்கிறது என்று சிரிப்பார். பாலம் நின்றதும் இரு பக்கமிருந்தும் பந்தை வெட்டினோம். ஆண்கள் வெட்டினார்கள், பெண்கள் கூடையில் மண் சுமந்தோம். என் கணவரும் கப்பல் கரையில் நின்ற நாட்களில் வந்தார். கல்லும் மண்ணும் இறுகிப்போய்க் கடப்பாரையைத் திருப்பி எறிந்தன. தினமும் முதலில் வந்து கடைசியில் போனவள் அவள்தான். தலைச்சும்மாட்டைக் கழற்றும்போது முன்தலையில் முடி கொட்டியிருப்பது தெரியும். அவன் ஒருநாளும் வரவில்லை. தன் பாத்திகளுக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தான், மறுமாதமும் அங்கேயே இருக்கப் போகிறவன் மாதிரி.

நடுவில் ஒரு சுவர் அகலம் மண்ணை மட்டும் விட்டுவைத்தோம். அமாவாசையை ஒட்டிக் கடல் பெரிதாக ஏறும்; அன்று காலையில் திறப்பதென்று முடிவு. அதற்கு முந்தின நாள் அவன் தோட்டத்தில் இருந்த எல்லாவற்றையும் பறித்தான். பூம்பிஞ்சைக்கூட விடவில்லை. ஒவ்வொரு வீட்டு வாசலிலும் கொண்டுவந்து வைத்தான். என் வீட்டுக்கு வந்தபோது உட்காரச் சொன்னேன். தலையை அசைத்துவிட்டுப் போனான். அன்றைக்கு அந்தப் பள்ளம் முழுக்கக் கத்தரிக்காய்தான் சமையல். என்னால் தின்ன முடியவில்லை.

மறுநாள் காலை மேஸ்திரியின் ஆட்கள் நடுச்சுவரை வெட்டினார்கள். எல்லோரும் பெரிய பாய்ச்சலை எதிர்பார்த்துத் தள்ளி நின்றோம். அப்படி ஒன்றும் நடக்கவில்லை. முதலில் குட்டைதான் வெளியே வடிந்தது. பச்சைப் பாசி கிழிந்து கிழிந்து கடல் பக்கம் போனது. கொஞ்சநேரம் தண்ணீர் எந்தப் பக்கமும் போகாமல் தயங்கி நின்றது. பிறகு கடல் உள்ளே வரத் தொடங்கியது. சத்தமே இல்லை. பழைய வளைவுகள் மேடு தட்டி மறைந்துபோயிருந்தன என்று நினைத்திருந்தோம். தண்ணீருக்கு அவை தெரிந்திருந்தன. ஒவ்வொரு வளைவாகத் திரும்பித் திரும்பி ஏறி அவன் வேலிவரை வந்துவிட்டது.

அவன் வாசலில் குந்தி உட்கார்ந்திருந்தான். குடிசையை முதல்நாளே பிரித்துத் தட்டியும் ஓலையும் மேலே கொண்டுபோயாகிவிட்டது. வாசற்படி மட்டும்தான் மிச்சம். தண்ணீர் பாத்திகளுக்குள் புகுந்ததும் எழுந்தான். பந்தை நோக்கி ஓடப்போகிறான் என்று நினைத்தேன். அவன் வேலிக் கம்புகளைப் பிடுங்கத் தொடங்கினான். நல்ல கம்புகள், வேறிடத்துக்கு உதவும். ஒவ்வொன்றாகப் பிடுங்கிக் கரையில் போட்டான். முழங்கால் தண்ணீரில் நீளமான மூங்கில் ஒன்று வராமல் சிக்கிக்கொண்டது. அவள் இறங்கிப் போய் மறுமுனையைப் பிடித்தாள். இரண்டுபேரும் சேர்ந்து தூக்கிக்கொண்டு கரையேறினார்கள்.

ராஞ்சிக்காரர்கள் தங்கள் வரிசைக்குப் பக்கத்தில் இடம் ஒதுக்கிக் கொடுத்தார்கள். பாறைத் தரை, ஒன்றும் விளையாது. சீக்கிரமே அவன் வேலை தேடிக் கச்சால் தீவுக்குப் போனான். இலங்கையிலிருந்து வந்தவர்களை அங்கே ரப்பர்த் தோட்டத்தில் குடியேற்றுகிறார்கள் என்று கேள்விப்பட்டிருந்தான். அவள் போகவில்லை. குழந்தையைப் புதைத்த இடத்தை விட்டு வரமாட்டேன் என்றாள். மருந்தகத்தில் ஆயா வேலை காலியாக இருந்தது, அதில் சேர்த்துவிட்டேன்.

ஓடை உடனே ஒன்றும் அழகாகிவிடவில்லை. முதல் வருடம் நாற்றம் முன்பைவிட மோசம். காய்ந்த படுகையில் ஏறியிருந்த புல்லும் செடியும் உப்பில் அழுகிக் கறுப்புச் சேறாயின. நர்ஸ் பேச்சைக் கேட்டு நாற்றத்தை விலைக்கு வாங்கினோம் என்று என் காதுபடச் சொன்னார்கள். மழையில் மேலேயிருந்து வந்த மரமொன்று பாலத்துக் கால்களில் மாட்டிக்கொண்டது. ஆண்கள் கயிறு கட்டி இழுத்து எடுக்க ஒரு பகல் போயிற்று. காய்ச்சலும் குறைந்ததாகத் தெரியவில்லை. அந்த மாதங்களில் அவள் முகத்தைப் பார்க்கவே எனக்குக் கஷ்டமாக இருந்தது. அவளோ ஒன்றும் கேட்காமல் ஊசிகளைக் கொதிக்க வைத்துக்கொண்டிருந்தாள்.

அடுத்த விரிகுடாவில் நல்ல கண்டல் காடு இருந்தது. அந்த மரத்தின் காய், கிளையில் தொங்கும்போதே முளைவிட்டு முருங்கைக்காய் மாதிரி நீண்டிருக்கும். விழுந்து கிடந்தவற்றை வங்காளப் பெண் கூடையில் பொறுக்கிக்கொண்டு வந்தாள். பெண்கள் நாங்கள் சேர்ந்து, தண்ணீர் இறங்கிய நேரத்தில் சேற்றில் ஊன்றினோம். அவளும் வந்தாள். பழைய பாத்திகள் இருந்த இடத்துக்கு வந்ததும் மற்றவர்கள் ஒதுங்கிக்கொண்டோம். அந்த இடம் முழுவதையும் அவளே ஊன்றினாள். பௌர்ணமிக்குப் பெரிய ஏற்றம் வந்து பாதியைப் பிடுங்கிக்கொண்டு போனது. மறுபடி ஊன்றினோம். அதிலும் கொஞ்சம் போயிற்று. மிச்சம் இருந்தவை இரண்டு இலை விட்டன.

இரண்டாவது மழை முடிந்தபோதுதான் மாற்றம் தெரிந்தது. சேற்றில் நண்டு வளைகள். துடுப்பை ஊன்றித் தத்தித் தத்திப் போகும் சேற்று மீன்கள். கண்ணாடிச் சில்லுகள் பெரும்பாலும் நல்ல பதிலோடு திரும்பின. குட்டை இருந்த இடத்தில் ஏற்றமும் இறக்கமும் போய் வந்துகொண்டிருந்தன. வங்காளப் பெண் மறுபடி கூடையை எடுத்தாள்.

அந்தச் சமயத்தில் ஒருநாள் அவன் கச்சாலிலிருந்து வந்தான். இளைத்திருந்தான். நேராக மருந்தகத்துக்குத்தான் வந்தான். அவள் உள்ளே தரை துடைத்துக்கொண்டிருந்தாள். அவளைப் பார்க்காமல் என்னிடம் கேட்டான்.

"இந்த மழைக்குப் புகார் எப்படிங்க?"

"ரொம்பக் கொறைஞ்சிருக்கு."

"புள்ளைங்க?"

"பிள்ளைக ஒண்ணும் சாகல."

அவன் கீழே இறங்கிப்போய்த் தன் தோட்டம் இருந்த கரையில் நின்றான். தண்ணீர் ஏறிக்கொண்டிருந்த நேரம். செடிகளின் உச்சி இலைகள் மட்டும் மேலே தெரிந்தன. வெகுநேரம் நின்றான். பிறகு அவள் துடைப்பத்தைச் சாத்திவிட்டுப் போய்ப் பக்கத்தில் நின்றாள். நான் ஜன்னலைவிட்டு வந்துவிட்டேன். என்ன பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது. மாலையில் அவள் வந்து, கச்சாலில் அவர்கள் பேருக்கு வீடும் கொஞ்சம் நிலமும் கிடைக்கிறதாம், கூடப் போகிறேன் என்றாள். குழந்தையின் மேட்டைப் பார்த்துக்கொள்ளச் சொன்னாள். அதை மேஸ்திரி வீட்டார் ஏற்கெனவே செய்துகொண்டிருந்தார்கள். சுற்றிலும் கல் அடுக்கியிருந்தார்கள்.

என்ஜினியர் சொன்ன பாலம் சில வருடம் கழித்து வந்தது. பந்தின் மீதியையும் அப்போது எடுத்துவிட்டார்கள். அதற்குள் எனக்குப் பெரார்கஞ்சுக்கு மாற்றல் வந்து, நாங்கள் வயல்களுக்கு நடுவே குடிபோயிருந்தோம். பழைய இடத்துக் கண்டல் செடிகள் ஆளுயரம் வந்துவிட்டன என்று அந்தப் பக்கமிருந்து வருகிறவர்கள் சொல்வார்கள்.

மாற்றலுக்கு முந்தைய வருடம் என் கணவரின் கப்பல் கச்சாலுக்குப் போயிருந்தது. அங்கே இறங்குதுறையில் அவளைப் பார்த்தாராம். இடுப்பில் ஒரு பையன். உடம்பு தேறியிருந்தாளாம். நர்சம்மா சுகமா என்று கேட்டுவிட்டு, அந்த வருட மழைக்கு ஓடைக்கரையில் காய்ச்சல் உண்டா என்றும் கேட்டிருக்கிறாள். அவருக்குத் தெரியவில்லை, கேட்டு வந்து சொல்கிறேன் என்று சொல்லிவிட்டு வந்திருந்தார். மூன்று பேருக்கு வந்தது, மூவரும் எழுந்து நடக்கிறார்கள் என்று அடுத்த கப்பலில் சொல்லியனுப்பினேன். ஒன்றுமே இல்லை என்று சொல்லியிருந்தால் அவள் நம்பியிருக்கமாட்டாள்.